மேயரிடம் எதைக் கேட்கலாம்: முகத்துவாரத்துத் தோட்டம் ஒன்றிலிருந்து

2023 மார்ச் மாதம் கொழும்பு மாநகர சபையின் பதவிக்காலம் முடிந்தது. தேர்தல் தள்ளிப் போய்க்கொண்டே இருந்து, 2025 மே 6ஆம் திகதிதான் வாக்குப் போட்டோம். புதிய மேயர் தெரிவானது ஜூன் 16இல். இடையில் இரண்டு ஆண்டுகளுக்கு மேலாக இந்த நகரத்துக்கு மேயரும் இல்லை, உறுப்பினர்களும் இல்லை. ஆணையாளரும் அதிகாரிகளும் சபையை நடத்தினார்கள். குப்பை லொறி வந்தது, தெருவிளக்கு எரிந்தது, டெங்கு காலத்தில் நுளம்புப் புகையும் அடித்தார்கள். "அப்படியானால் மேயர் எதற்கு, டீச்சர்?" என்று எங்கள் தோட்டத்துப் பையன்கள் கேட்டார்கள். அரசியலே வேண்டாம் என்று வெறுத்துப் போயிருந்த காலத்தில் வந்த கேள்வி அது. நியாயமான கேள்வியும்கூட. அவர்களுக்குத் துண்டு துண்டாகச் சொன்னதை இங்கே ஒழுங்காக எழுதுகிறேன்.

நான் ஓய்வுபெற்ற தமிழ் ஆசிரியை. முகத்துவாரத்துக்குப் பக்கத்தில் ஒரு தோட்டத்தில் குடியிருப்பாளர் சங்கத்தின் செயலாளராக நெடுங்காலம் இருக்கிறேன். கொழும்பில் தோட்டம் என்றால் ஒரு பொதுப் பாதை, ஒரு கான் (வடிகால்), இரண்டு பக்கமும் நெருக்கியடித்த வீடுகள். எங்கள் தோட்டத்தில் துறைமுகத்தில் வேலை செய்தவர்கள் இருக்கிறார்கள், மாநகர சபையின் நகர சுத்தித் தொழிலாளரின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இருக்கிறார்கள், வன்னியிலிருந்தும் மலையகத்திலிருந்தும் வந்து தங்கியவர்கள் இருக்கிறார்கள். மகஜர் எழுதுவது என் வேலை. அதைத் தூக்கிக்கொண்டு லிப்டன் சந்தியில் இறங்கி, விகாரமகாதேவி பூங்காவுக்கு எதிரே உள்ள அந்த வெள்ளைக் குவிமாட நகர மண்டபத்துக்குப் போவதும் என் வேலை. கட்சி வேறுபாடில்லாமல் பல மேயர்களின் காலத்தில் போயிருக்கிறேன்.

முதலில் அந்த நாற்காலி எங்கிருந்து வந்தது என்று தெரிந்திருக்க வேண்டும். 1865ஆம் ஆண்டின் கட்டளைச் சட்டத்தால் உருவானது மாநகர சபை. முதல் மேயர் சார்ள்ஸ் பீட்டர் லயார்ட் என்ற வெள்ளைக்கார அதிகாரி. எழுபது ஆண்டுகளுக்கு மேல் அந்த நாற்காலி மக்கள் தெரிவு இல்லாமலே நிரப்பப்பட்டது. 1937இல் முதன்முறையாகத் தெரிவுசெய்யப்பட்ட மேயர் ஒருவர் வந்தார். அவர் தமிழர்: டொக்டர் இரத்தினசோதி சரவணமுத்து. இதை எங்கள் பிள்ளைகளுக்குச் சொன்னால் நம்ப மறுக்கிறார்கள். சரவணமுத்து என்றதும் பொரளைப் பக்கத்து ஓவல் மைதானத்தைச் சொல்வார்கள். அந்த மைதானத்துக்குப் பெயர் வந்தது அவருடைய சகோதரர் பாக்கியசோதி சரவணமுத்துவால். மேயராக இருந்த டொக்டர் இரத்தினசோதிக்கோ அவ்வளவு எளிதில் கண்ணில் படும் நினைவு எதுவும் இல்லை.

அவருடைய வாழ்க்கையை நான் அடிக்கடி நினைப்பதற்குக் காரணம் உண்டு. 1931இல் அரசாங்க சபைக்குக் கொழும்பு வடக்கிலிருந்து, அதாவது எங்கள் பக்கத்திலிருந்து, தெரிவானார். தேர்தல் மனுவில் அந்த ஆசனம் பறிபோனது. 1932 இடைத்தேர்தலில் அவருடைய மனைவி நேசம் சரவணமுத்து நின்று வென்றார். இலங்கையின் சட்டமன்றத்துக்குள் போன இரண்டாவது பெண் அவர். கணவர் ஐந்து ஆண்டுகளின் பின் மாநகர சபையில் மேயரானார். ஒரு கதவு மூடியதும் அரசியலை விட்டுப் போகாமல், வீட்டு வாசலுக்கு அருகில் இருந்த கதவைத் தட்டிய ஆள். மருத்துவர் என்பதால் கானும் குப்பையும் நோயும் ஒன்றோடொன்று கட்டுண்டவை என்பது அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டிய பாடமாக இருந்திருக்காது.

அவருக்குப் பின் வந்தவர்களின் பாதைகள் பலவிதம். 1940இல் மேயரான ஏ. ஈ. குணசிங்க, 1923 பொது வேலைநிறுத்தத்தை நடத்திய தொழிற்சங்கத் தலைவர். தொழிலாளிக்காகப் பேசிய அதே மனிதர் 1930களில் மலையாளத் தொழிலாளருக்கு எதிராகப் பிரசாரம் செய்தார். தொழிலாளர் தலைவர் என்ற பட்டம் இருந்தால் மட்டும் எல்லாத் தொழிலாளரும் அவருடைய கணக்கில் வந்துவிட மாட்டார்கள் என்பதை எங்களைப் போன்றவர்கள் மறக்கக் கூடாது. என். எம். பெரேரா 1954 முதல் 1956 வரை மேயராக இருந்தார், பின்னாளில் நிதியமைச்சரானார். 1955இல் பிரதி மேயராக இருந்த ரணசிங்க பிரேமதாச ஜனாதிபதியானார். 1990களில் க. கணேசலிங்கம் என்ற தமிழர் மறுபடி அந்த நாற்காலியில் அமர்ந்தார். அவருக்கு அடுத்து வந்த கரு ஜயசூரிய பின்னர் சபாநாயகர் வரை போனார். 2006இல் ஒரு முச்சக்கர வண்டி ஓட்டுநர், உவைஸ் முகமது இம்தியாஸ், மேயரானார். ஐக்கிய தேசியக் கட்சியின் வேட்புமனு நிராகரிக்கப்பட்டதால் அதன் வாக்காளர்கள் சுயேச்சைக் குழுவின் மூக்குக்கண்ணாடிச் சின்னத்துக்கு வாக்களித்ததில் நடந்தது அது. 2018இல் ரோசி சேனாநாயக்க முதல் பெண் மேயர். இப்போது விராய் கெலி பல்தசார்.

இத்தனை பேரையும் ஒன்றாக வைத்துப் பார்த்தால் ஒன்று தெரிகிறது. சிலருக்கு அந்த நாற்காலி மேலே போவதற்கான ஏணிப்படி. சிலருக்கு அதுவே வேலை. மேலே போக நினைப்பவர்கள் கெட்டவர்கள் என்று நான் சொல்லவில்லை. பார்க்கப்போனால், பெரிய இடத்துக்குப் போக ஆசைப்படும் மேயர் தன் காலத்தில் ஏதாவது கண்ணுக்குத் தெரியும்படி செய்துவிட்டுப் போக முயல்வார். அது பூங்காவாகவோ அலங்கார விளக்காகவோ இருந்துவிட்டால் வசதியானவர்கள் வாழும் கறுவாத்தோட்டத்துக்கு இலாபம். கானாக இருந்தால்தான் எங்களுக்கு. ஆகவே ஒரு மேயர் வந்த முதல் ஆறு மாதத்தில் அவர் எந்தப் பக்கத்துத் தெருக்களில் நடக்கிறார் என்று பார்க்க வேண்டும். மட்டக்குளி, கிராண்ட்பாஸ், வாழைத்தோட்டம் பக்கம் மழை நாளில் வருகிறவரிடம் மனுவைக் கொண்டுபோனால் அது வீண்போகாது.

இனி, மேயரால் என்ன முடியும்? இதைத்தான் பெரும்பாலோர் தெரியாமல் போய் ஏமாந்து திரும்புகிறார்கள். தண்ணீர்க் குழாய் மேயரின் கையில் இல்லை; அது தேசிய நீர்வழங்கல் வடிகாலமைப்புச் சபை. மின்சாரமும் அவர் கையில் இல்லை. பொலிஸ் மத்திய அரசு. பெரிய வீதிகள் பல வீதி அபிவிருத்தி அதிகார சபையுடையவை. தொடர்மாடி வீடுகள் நகர அபிவிருத்தி அதிகார சபையிடமோ வீடமைப்பு அதிகார சபையிடமோ. ஆறு போன்ற பெரிய கால்வாய்கள் வேறொரு கூட்டுத்தாபனம். பிறப்புச் சான்றிதழும் அடையாள அட்டையும் பிரதேச செயலகப் பக்கத்து வேலைகள். மீதி இருப்பது எது என்று கேட்பீர்கள். குப்பை, கான், உள்வீதிகள், தெருவிளக்குப் பராமரிப்பு, பொதுச் சுகாதாரப் பரிசோதகர், தாய்சேய் நிலையங்கள், இலவச மருந்தகங்கள், பொது மலசலகூடம், சந்தை, மயானம், நூலகம், தீயணைப்புப் படை, கட்டட அனுமதி, ஆதனவரி. ஒரு ஏழை வீட்டின் அன்றாடத்தில் இந்தப் பட்டியல் சிறியதே அல்ல. பிள்ளை பிறந்த வாரத்தில் வீட்டுக்கு வரும் குடும்பநல மாது முதல் மயானத்து வாசல் வரை அது எட்டுகிறது.

எங்கள் கான் கதையைச் சொன்னால் இது விளங்கும். தோட்டத்துப் பாதை பிரதான வீதியில் சேரும் இடத்தில் கானை மூடியிருந்த கொங்கிரீட் மூடி உடைந்துவிட்டது. பள்ளிக்கூடம் விட்டு வந்த ஒரு பிள்ளையின் கால் முழங்கால் வரை உள்ளே போய், தோல் உரிந்துவிட்டது. மனு எழுதிக்கொண்டு போனேன். ஓர் அலுவலகத்தில், அது வீதியோரம் இருப்பதால் தங்களுடையது அல்ல என்றார்கள். இன்னோர் அலுவலகத்தில், தண்ணீர் தோட்டத்துக்குள்ளிருந்து வருவதால் தங்களுடையது அல்ல என்றார்கள். மூன்றாவது இடத்தில், கான் கால்வாயில் விழும் இடம் மட்டுமே தங்களுக்கு என்றார்கள். மூவரும் பொய் சொல்லவில்லை. ஒரே கானுக்கு உண்மையிலேயே மூன்று சொந்தக்காரர்கள்.

நான் பள்ளிக்கூடத்து அளவு நாடாவை எடுத்து, எங்கள் சங்கத்துப் பையன் ஒருவனை மறுமுனையைப் பிடிக்கச் சொல்லி, கான் தொடங்கும் இடத்திலிருந்து கால்வாய் வரை அளந்து, சதுரக்கோட்டுத் தாளில் வரைந்தேன். எங்கே சதுரமாக இருக்கிறது, எங்கே குழாய்க்குள் போகிறது, எங்கே மண் அடைத்திருக்கிறது என்று மூன்று நிறப் பென்சில்களால் குறித்தேன். அந்தப் படத்தோடு மேயர் பொதுமக்களைச் சந்திக்கும் நாளில் போனேன்.

அன்று அங்கே இருந்தவர்களில் பாதிப்பேர் வேலை கேட்டு வந்தவர்கள். சிலர் வீடு கேட்டு வந்தவர்கள். ஒரு தாய் மகனின் வழக்கைப் பற்றிச் சொல்லி அழுதார். அந்த மேயர் எல்லோரையும் இருத்திக் கேட்டார், எவரையும் விரட்டவில்லை. ஆனால் பெரும்பாலோரிடம் அவர் சொல்ல முடிந்தது, "இது என் அதிகாரத்தில் இல்லை அம்மா" என்பதுதான். நாள் முழுவதும் இல்லை என்று சொல்வதும் ஒரு பாரமான வேலை. அது அவர் முகத்தில் தெரிந்தது. என் முறை வந்ததும் படத்தை விரித்தேன். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்து, மஞ்சள் கோட்டின் மேல் விரலை ஓட்டிப் பார்த்து, "இது நீங்கள் வரைந்ததா டீச்சர்?" என்று கேட்டார். பிறகு பொறியியலாளரை அழைத்தார். மற்ற இரண்டு அலுவலகங்களுக்கும் தொலைபேசியில் தானே பேசினார். அடுத்த வாரம் மூன்று இடத்து உத்தியோகத்தர்களும் ஒரே காலையில் எங்கள் தோட்டத்து முனையில் நின்றார்கள். கான் சரியாயிற்று.

அந்தத் தொலைபேசி அழைப்புகளை அவர் எடுப்பதற்குச் சட்டத்தில் எந்தப் பிரிவும் இல்லை. மற்ற அலுவலகங்கள் அவருக்குக் கீழ்ப்பட்டவையும் அல்ல. ஆனால் இலட்சக்கணக்கானோர் வாழும் நகரம் தெரிவுசெய்த ஆள் பேசும்போது மறுமுனையில் இருப்பவர் எழுந்து பதில் சொல்கிறார். ஆணையாளர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும் அவர் எழுதுவது ஒரு திணைக்களம் இன்னொரு திணைக்களத்துக்கு எழுதும் கடிதம். அதற்கு உரிய காலம் எடுத்துத்தான் பதில் வரும். அடுத்த முறை எங்களிடம் வாக்குக் கேட்டு வரவேண்டிய அவசியம் அவருக்கு இல்லை.

மேயர் இல்லாத அந்த இரண்டு ஆண்டுகளில் எங்கள் தோட்டத்துக்கு அடுத்த சந்தில் அதே மாதிரி ஒரு மூடி உடைந்தது. மூன்று சொந்தக்காரர்களையும் ஒரு இடத்தில் நிறுத்த ஆள் இல்லை. அப்போது கைகொடுத்தது 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம். "இந்த இடத்தில் உள்ள வடிகாலைப் பராமரிக்கும் பொறுப்பு எந்த நிறுவனத்துடையது? கடைசியாக எப்போது துப்புரவு செய்யப்பட்டது?" என்று இரண்டே கேள்விகள். ஏன் கேட்கிறீர்கள் என்று காரணம் சொல்லத் தேவையில்லை. பெற்றுக்கொண்டதற்கு எழுத்தில் அத்தாட்சி கேளுங்கள். 14 வேலை நாட்களுக்குள் தகவல் தருவதா இல்லையா என்று தகவல் அலுவலர் முடிவு சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் குறித்தளிக்கப்பட்ட உத்தியோகத்தரிடமும், பிறகு தகவல் அறியும் உரிமை ஆணைக்குழுவிடமும் மேன்முறையீடு செய்யலாம். எங்களுக்குப் பதில் வந்தது. யாருடையது என்பது எழுத்தில் வந்த பிறகு, அந்த அலுவலகமே ஆளை அனுப்பியது. வேலை நடந்தது, ஆனால் ஒரு மாரிகாலம் போய்விட்டது.

மேயர் இல்லாமை இதைவிடக் கொடிய காலத்திலும் இருந்திருக்கிறது. 2017 ஏப்ரல் 14, சித்திரைப் புத்தாண்டு நாளில் மீதொட்டமுல்லைக் குப்பைமேடு சரிந்து 32 பேர் இறந்தார்கள். அந்த இடம் கொழும்பு நகர எல்லைக்கு வெளியே இருக்கிறது. குப்பை மட்டும் கொழும்புடையது. எங்கள் பக்கத்துப் புளுமெண்டல் மேடு கைவிடப்பட்ட பின் அங்கே போய்க் குவிந்த குப்பை. எங்கள் மூக்கைவிட்டுப் போய்விட்டது என்று நாங்கள் நிம்மதியடைந்த அதே குப்பை, இன்னொரு ஏழைக் குடியிருப்பின் மேல் விழுந்தது. அப்போதும் தெரிவான சபை இருக்கவில்லை; 2018 பெப்ரவரியில்தான் தேர்தல் நடந்தது. சபை இருந்திருந்தால் மேடு சரிந்திருக்காது என்று நான் சொல்ல மாட்டேன். மேடு சபைகள் இருந்த காலத்திலேயே வளர்ந்ததுதான். ஆனால் சரிந்த மறுநாள், எழுந்து நின்று பதில் சொல்லக் கடமைப்பட்ட ஒரு முகம் நகரத்துக்கு இருந்திருக்க வேண்டும். இப்போது குப்பையைத் தரம் பிரிக்காமல் போடும் வீட்டைக் கண்டால் நான் சண்டைக்கே போகிறேன். அது எங்கே போய்ச் சேர்கிறது என்று தெரிந்த பிறகு எப்படிச் சும்மா இருப்பது?

மனு எழுதுவது பற்றிச் சில விஷயங்கள். ஒரு மனுவில் ஒரு பிரச்சினைதான் இருக்க வேண்டும். கான், விளக்கு, மலசலகூடம் மூன்றையும் ஒரே கடிதத்தில் எழுதினால் அது மூன்று பிரிவுகளுக்கும் சுற்றி எந்தக் கோப்பிலும் தங்காது. விலாசம் ஆணையாளருக்கு, நகல் மேயருக்கும் வட்டார உறுப்பினருக்கும் என்று இருக்கட்டும். கோப்பைத் திறக்கிறவர் ஆணையாளரின் கீழ் உள்ளவர். அவரைத் தாண்டி மேயருக்கு மட்டும் எழுதினால் எப்படியும் அது கீழே இறங்கித்தான் வரவேண்டும். (பிரதி மேயர் என்று ஒருவரும் இருக்கிறார், அவருக்கும் ஒரு நகல் அனுப்பினால் தவறில்லை.) உங்கள் நகலில் திகதி முத்திரை வாங்காமல் படியிறங்காதீர்கள். மதிப்பீட்டு இலக்கமும் அருகில் உள்ள மின்கம்பத்தின் இலக்கமும் எழுதுங்கள். எங்கள் தோட்டங்களின் முகவரிகளில் சரிவுக்கோட்டுக்குப் பின் வரும் எண்ணை வைத்து வெளியாள் எவரும் வீட்டைக் கண்டுபிடித்ததில்லை. மாநகர சபை நகரத்தைத் தன் வேலைக்காகச் சில மாவட்டங்களாகப் பிரித்திருக்கிறது. சின்னத் திருத்த வேலைகளுக்கு உங்கள் மாவட்டப் பொறியியல் அலுவலகத்துக்குப் போனாலே போதும், நகர மண்டபம் வரை போகத் தேவையில்லை.

தமிழில் எழுதுங்கள். தமிழ் அரசகரும மொழி. தமிழில் எழுதித் தமிழில் பதில் பெறுவது அரசியலமைப்பு தரும் உரிமை. சிங்களத்தில் எழுதினால் விரைவாக நடக்கும் என்று பலர் புத்தி சொல்வார்கள். நான் தமிழில்தான் எழுதுகிறேன், நேரில் பேசும்போது சிங்களத்தில் பேசுகிறேன். இரண்டும் வேண்டும். தமிழ்க் கடிதங்கள் வராவிட்டால் தமிழ் உத்தியோகத்தருக்கு அங்கே தேவை இல்லை என்றாகிவிடும்.

ஆதனவரி கட்டுகிறவர்கள் ஜனவரி 31க்குள் முழு ஆண்டுக்கும் கட்டிவிட்டால் 10 வீதம் கழிவு கிடைக்கும். பணத்தைவிட, பற்றுச்சீட்டு முக்கியம். காணி உறுதி இல்லாத வீட்டுக்காரருக்குத் தான் அங்கே குடியிருப்பதைக் காட்டும் காகிதங்களில் அதுவும் ஒன்று.

மேயர் வேலையின் கடினமான பக்கம் மக்கள் சந்திப்பில் தெரியாது, சபைக் கூட்டத்தில்தான் தெரியும். 2025 தேர்தலில் 117 ஆசனங்களில் தேசிய மக்கள் சக்திக்கு 48 கிடைத்தது. எவருக்கும் பாதி இல்லை. உறுப்பினர்களின் இரகசிய வாக்கெடுப்பில் 61க்கு 54 என்ற கணக்கில் மேயர் தெரிவானார். அதே ஆண்டு டிசம்பரில் வரவு செலவுத் திட்டம் முதலில் தோற்று, ஆண்டு முடிவதற்குள் மறுபடி வாக்கெடுப்புக்கு வந்து நிறைவேறியது. இப்படி நூலிழையில் நிற்கும் மேயருக்கு ஒவ்வொரு உறுப்பினரும் வேண்டும். தோட்டத்து மக்களுக்கு இதில் ஒரு வசதி இருக்கிறது. உங்கள் வட்டார உறுப்பினர் எந்தக் கட்சியானாலும் சபையில் அவர் உயர்த்தும் கைக்கு மதிப்புக் கூடியிருக்கிறது. அவரிடம் போய், "எங்கள் கானை வரவு செலவுத் திட்டத்துக்குள் கொண்டு வாருங்கள்" என்று கேட்க இதைவிட நல்ல காலம் வராது. ஆனால் நவம்பரில் போய்க் கேட்டால் காலம் கடந்துவிடும். அதிகாரிகள் மதிப்பீடுகளைத் தயாரிக்கும் மாதங்களிலேயே, ஆண்டின் நடுப்பகுதி கழிந்ததும், கடிதம் போயிருக்க வேண்டும்.

2018 முதல் உள்ளூராட்சி சபைகளில் நான்கில் ஒரு பங்கு பெண்களுக்கு ஒதுக்கப்பட்டிருக்கிறது. எங்கள் தோட்டத்தில் கணக்கியல் படித்த ஒரு பெண் பிள்ளை, சங்கத்தின் கணக்குப் புத்தகத்தை இப்போது அவள்தான் பார்க்கிறாள், "அக்கா, நானும் ஒரு நாள் நிற்கலாமா?" என்று கேட்டாள். நிற்கலாம் என்று சொன்னேன். அதற்கு முன் சபையின் வரவு செலவுத் திட்டத்தை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை படிக்கச் சொன்னேன். சிங்களத்தில் எழுதவும் பழகச் சொன்னேன், பேசுவது போதாது. எந்தக் கட்சி வந்து பெயரைக் கேட்டாலும், விகிதாசாரப் பட்டியலில் இடம் நிரப்ப மட்டும் பெயரைக் கொடுக்காமல் வட்டாரத்தைக் கேட்டு வாங்கச் சொன்னேன். வீடு வீடாக ஏறி இறங்கியவளைத் தோட்டம் மறக்காது.

அவளும் நானும் சேர்ந்து இந்த ஆண்டுக்கான கடிதத்தை எழுதி முடித்திருக்கிறோம். கேட்டிருப்பது ஒன்றே ஒன்று: பொது மலசலகூடத்துக்கு இரவில் எரியும் ஒரு விளக்கு, உள்ளே தாழ்ப்பாள் உள்ள கதவு. படமும் அளவும் இணைத்திருக்கிறோம். மலசலகூடத்துக்குப் பக்கத்து மின்கம்பத்தின் இலக்கத்தை அவளே போய் எழுதிக்கொண்டு வந்தாள்.